சொன்னால் நடக்க வேண்டிய மந்திரம் கதையில் நடக்காமல் போனால்: அறிகுறி பார்த்துச் சரிசெய்யும் வழிமுறை

சொன்னால் நடக்கும், எழுதினால் நிலைக்கும் என்ற மந்திர அமைப்பை வைத்து ஃபேண்டஸி நாவலோ ரோல்பிளே விளையாட்டோ எழுதுபவர்கள் ஏறக்குறைய ஒரே இடங்களில்தான் மாட்டிக்கொள்கிறார்கள். கதை பாதி தாண்டிய பிறகு ஒரு வாசகர் வந்து, "அந்தச் சொல்லை அவன் முதல் அத்தியாயத்திலேயே சொல்லித் தொலைத்திருக்கலாமே?" என்று கேட்பார். பதில் இருக்காது. அவசரமாக ஒரு புது விதியைச் சேர்ப்போம். அந்த விதி பதினோராவது அத்தியாயத்தில் வேறொன்றைக் கெடுக்கும்.

இதை முழுக்கப் படிக்க வேண்டியதில்லை. முதலில் உள்ள சோதனைகளைச் செய்துவிட்டு, உங்கள் அறிகுறி எங்கே இருக்கிறதோ அங்கே போய்விடலாம். சோதனைகளை மட்டும் தாண்டிப் போகாதீர்கள். பின்னால் வரும் எல்லாத் தீர்வுகளும் அவற்றின் விடையைப் பொறுத்தவை.

முதலில் மூன்று சோதனைகள்

மொழி மந்திரத்தில் சக்தி ஒலியில் இருக்கலாம், பொருளில் இருக்கலாம், அல்லது அதைக் கேட்கிற ஏதோ ஒன்றில் இருக்கலாம். இதை முடிவு செய்யாமல் எழுதத் தொடங்குவதுதான் பெரும்பாலான கோளாறுகளுக்கு வேர். நீங்கள் ஏற்கெனவே எழுதிவிட்ட ஒரு மந்திரக் காட்சியை எடுத்து வைத்துக்கொண்டு கேளுங்கள்.

கிளிச் சோதனை: ஒரு கிளி அதே மந்திரத்தைப் பிசகாமல் சொன்னால் பலிக்குமா? பலிக்கும் என்றால் உங்களுடையது ஒலி வகை.

மொழிபெயர்ப்புச் சோதனை: அதே கருத்தை வேறொரு மொழியில் சொன்னால் பலிக்குமா? பலிக்கும் என்றால் பொருள் வகை.

வெற்றறைச் சோதனை: கேட்க யாரும், எதுவும் இல்லாத இடத்தில் சொன்னால் பலிக்குமா? பலிக்காது என்றால் செவி வகை. காற்றோ, நெருப்போ, ஒரு தெய்வமோ, சபிக்கப்படுகிறவரோ அதைக் கேட்டாக வேண்டும்.

செவி வகைக்குத் தமிழில் ஒரு பழைய முன்மாதிரி உண்டு. நந்திக் கலம்பகத்தைப் பற்றிச் சொல்லப்படும் கதையில், பல்லவ மன்னன் மூன்றாம் நந்திவர்மன் அந்தப் பாடல்களை உட்கார்ந்து கேட்டதால்தான் இறந்தான். பாட்டு வெறுமனே இருந்தால் ஒன்றும் ஆகாது. அவன் கேட்க வேண்டும். கேட்டால் சாவோம் என்று தெரிந்தும் கேட்டான் என்பதால்தான் அந்தக் கதை இன்றுவரை நிற்கிறது. மாறாக, செய்யுள் இயற்றும் முறையைச் சொல்லும் பாட்டியல் நூல்கள் ஒலி வகைக்கு மிக நெருக்கமானவை. பாட்டின் முதற்சொல்லுக்கு மங்கலம், சொல், எழுத்து, உண்டி, கணம் என்று பத்துப் பொருத்தம் பார்க்கச் சொல்வார்கள். எழுத்துகளை அமுத எழுத்து, நச்செழுத்து என்றும் பிரிப்பார்கள். புலவர் என்ன நினைத்துப் பாடினார் என்பது அங்கே கணக்கில் வராது.

வகைகளைக் கலக்கலாம், தவறில்லை. ஆனால் சோதனைக்கு உங்கள் பதில் "சில சமயம் பலிக்கும்" என்று வந்தால், எந்தச் சமயம் என்பதை ஒரே வாக்கியத்தில் எழுதிச் சுவரில் ஒட்டிவிட்டு மேலே போங்கள்.

அறிகுறி: அப்படியானால் எல்லாரும் மந்திரவாதி ஆகிவிடலாமே?

வழக்கமாகச் செய்யும் ஒட்டுவேலை, "பிறவியிலேயே சக்தி உள்ளவர் சொன்னால்தான் பலிக்கும்" என்பது. எனக்கு இது பிடிப்பதில்லை. சக்தி இரத்தத்துக்குப் போய்விட்டால் மொழி வெறும் அலங்காரமாகிவிடும். அவர் விசிலடித்தாலும் பலிக்க வேண்டியதுதானே?

ஒலி வகையில் உச்சரிப்பே காவலாக இருக்கட்டும். வாளை, வாலை, வாழை மூன்றும் ஒரே வாயிலிருந்து பிசகாமல் வர வேண்டும் என்றாலே பாதிப் பேர் கழிந்துவிடுவார்கள். இதில் ஒரு விளைவைக் கவனியுங்கள். அந்த மொழி பேசும் வீட்டில் பிறந்த குழந்தைக்கு மந்திரம் இலவசம். வெளியூர்க்காரருக்கு ஆயுள் முழுக்கப் பயின்றாலும் கிடைக்காது. இது சமூகத்தில் என்ன செய்யும் என்று நீங்கள் எழுதவில்லை என்றால் வாசகர் எழுதிக்கொள்வார்.

பொருள் வகையில் 'புரிதல்' என்பதற்கு அளவு வையுங்கள். 'நீர்' என்ற சொல் தெரிந்தால் போதுமா, நீரைப் பற்றித் தெரிய வேண்டுமா? இரண்டாவதை எடுத்துக்கொண்டால், வாழ்நாளெல்லாம் ஆற்றில் வலைவீசியவர் பள்ளியில் படித்த மந்திரவாதியைவிட வலிமையானவராகிவிடுவார். அழகான கதை அதில் இருக்கிறது.

செவி வகையில் அதிகாரம்தான் காவல். ஜே. எல். ஆஸ்டின் என்ற தத்துவவாதி 1955இல் ஹார்வர்டில் ஆற்றிய உரைகள், சொல்லுவதாலேயே நடந்துவிடும் செயல்களைப் பற்றியவை: பெயர் சூட்டுவது, பந்தயம் கட்டுவது, தீர்ப்புச் சொல்வது. இவை பிசகும் விதத்தை அவர் இரண்டாகப் பிரித்தார். ஒன்றில் செயல் நடக்கவே நடக்காது: தீர்ப்பு வழங்க உரிமை இல்லாதவர் தீர்ப்புச் சொன்னால் அது தீர்ப்பே இல்லை. இன்னொன்றில் செயல் நடந்துவிடும், உள்ளே ஒன்றும் இருக்காது: நிறைவேற்றும் எண்ணமே இல்லாமல் வாக்குக் கொடுத்தாலும் அது வாக்குதான். உங்கள் மந்திரம் இந்த இரண்டில் எந்த விதத்தில் தோற்கும் என்று தீர்மானித்துவிட்டால் பாதி விதி எழுதி முடிந்தது. இரண்டாவது விதம் கதைக்கு அதிகம் உதவும். மனமில்லாமல் சொன்ன காப்பு மந்திரம் கதவை மூடிவிடும், ஆனால் பூட்டாது என்று வைத்துப் பாருங்கள்.

அறிகுறி: ஆசிரியர் பாடம் நடத்தும்போதே வகுப்பு எரிந்திருக்க வேண்டும்

மிகவும் பரவலான ஓட்டை இது. சொன்னால் பலிக்கும் என்கிறோம். அப்புறம் ஒரு குரு இருபது மாணவர்கள் முன்னால் அதே மந்திரத்தை நிறுத்தி நிதானமாகச் சொல்லிக் கொடுக்கிறார். ஏன் பலிக்கவில்லை?

"மனதில் எண்ணினால்தான்" என்பது எளிய பதில். பொருள் வகைக்கும் செவி வகைக்கும் அது செல்லும். ஒலி வகைக்குச் செல்லாது, கிளி எண்ணாது. அங்கே சொல்லாமலே சொல்லிக்கொடுக்கும் முறை ஒன்று வேண்டும். வேதத்தை மனப்பாடம் செய்பவர்களிடம் அதற்கு ஆயத்தமான உத்தி இருக்கிறது. கன பாடத்தில் சொற்களை ஒன்று-இரண்டு, இரண்டு-ஒன்று, ஒன்று-இரண்டு-மூன்று, மூன்று-இரண்டு-ஒன்று, ஒன்று-இரண்டு-மூன்று என்று பின்னிப் பின்னிச் சொல்லிக்கொண்டே போவார்கள். ஒரு சொல் பிசகினாலும் அண்டைச் சொல் காட்டிக்கொடுத்துவிடும் என்பதற்கான ஏற்பாடு அது. உங்களுக்கு அதில் வேறொரு லாபம்: நான்கு சொல்லுக்கு மேற்பட்ட மந்திரம் என்றால், மாணவன் அத்தனையையும் நெஞ்சில் ஏற்றிக்கொள்வான், ஆனால் முழு வரியை வரிசையாக ஒரு தடவைகூடச் சொல்லியிருக்க மாட்டான். முதன்முதலாக வரிசையில் சொல்வதே அவனுடைய அரங்கேற்றம்.

இதைவிட ஆழமான ஒரு கேள்வி உண்டு, பலர் இதைத் தொடுவதே இல்லை. மந்திரம் எப்போது 'கேட்டு முடிக்கிறது'? ஒவ்வொரு ஒலியும் வர வர வேலை செய்கிறதா, வாக்கியம் முடியும் வரை காத்திருக்கிறதா?

தமிழில் எழுதும்போது இது உயிர்ப் பிரச்சினை. நம் மொழியில் மறுப்பு கடைசியில் வரும். "எரியாதே" என்று சொல்ல வாயெடுத்தால் முதலில் வருவது 'எரி'. ஒலி வர வர இயங்கும் மந்திரம் என்றால் '-ஆதே' வருவதற்குள் வைக்கோற்போர் பற்றிக்கொள்ளும். மேற்கோளும் அப்படித்தான்: "தீ எழுக என்று சொன்னார்" என்பதில் இது வெறும் மேற்கோள் என்று காட்டும் 'என்று' வருவதற்கு முன்பே தீ எழுந்துவிட்டது. அப்படிப்பட்ட உலகத்தில் மந்திரவாதிகள் மறுப்பை முன்னால் வைக்கும் ஒரு செயற்கை வழக்கை உருவாக்கிக்கொள்வார்கள். சாட்சிக் கூண்டில் நின்று "அவன் என்ன சொன்னான்" என்று வாய்விட்டுச் சொல்லவே முடியாது. எழுதித்தான் கொடுக்க வேண்டும்.

வாக்கியம் முடியும் வரை காத்திருக்கும் என்று வைத்தால் எதிர் விளைவு: முடிக்க விடாமல் தடுப்பதே சிறந்த தற்காப்பு. வாக்கியம் எங்கே முடிகிறது என்பதற்கு ஓர் அடையாளமும் வேண்டும். வினைமுற்றா, மூச்சு விடுவதா, மௌனமா? வினைமுற்று என்றே வையுங்கள் என்பேன். எச்சங்களை அடுக்கிக்கொண்டே போய் முற்றை மட்டும் சொல்லாமல் நிறுத்தி வைத்திருக்கும் கிழவி ஒருத்தி கதையில் வந்தால், அந்தக் காட்சிக்கு வேறு எதுவும் தேவைப்படாது.

அறிகுறி: சண்டைக் காட்சியில் நேரம் உதைக்கிறது

வாள் ஓங்கியாயிற்று. நாயகன் எட்டு அடி ஆசிரியப்பா பாடி முடிக்கிறான். வாள் இன்னும் ஓங்கியபடியே இருக்கிறது.

மாத்திரை எண்ணுங்கள். குறில் ஒன்று, நெடில் இரண்டு, மெய் அரை, குற்றியலுகரம் அரை. 'நெருப்பே எழுந்து வா' என்பது நாலரை, மூன்று, இரண்டு; மொத்தம் ஒன்பதரை மாத்திரை. மாத்திரை என்பதே கண்ணிமைக்கும், விரல் நொடிக்கும் பொழுது. அதைக் கால் விநாடி என்று சிக்கனமாக வைத்தாலும் இந்தச் சின்ன மந்திரத்துக்கு இரண்டு விநாடிக்கு மேல் ஆகிறது. அதற்குள் எதிரி இரண்டு வீச்சு வீசிவிடுவான்.

விளையாட்டு நடத்துபவர்களுக்கு இது வரப்பிரசாதம். மந்திரத்தின் வலிமையை மாத்திரையோடு கட்டிவிட்டால் தனியாக மந்திரப் புள்ளி எதுவும் வைத்துக்கொள்ள வேண்டாம். ஆட்டக்காரரே வாய்விட்டுச் சொல்லட்டும், மற்றவர் விரல் நொடித்து எண்ணட்டும். அளபெடை போட்டு நெட்டெழுத்தை மூன்று மாத்திரைக்கு இழுத்தால் வலிமை கூடும், அடிபடும் ஆபத்தும் கூடும். நாவலில் இவ்வளவு கறாராக வேண்டியதில்லை. சண்டைக்கு முன்பே சொல்லி வைத்து, முற்றுச் சொல்லை மட்டும் மிச்சம் வைத்திருக்கிறான் என்று எழுதினால் போதும்.

அறிகுறி: மந்திரம் பிசகும் இடமெல்லாம் தற்செயலாகத் தெரிகிறது

நாக்குக் குழறியது, பூனை தவளையானது. வாசகர் ஒருமுறை சிரிப்பார். ஏன் தவளை என்பதற்கு மொழியிலேயே காரணம் இருந்தால் மறுமுறையும் ரசிப்பார்.

இதற்கு ஓர் இலக்கியச் சான்று உண்டு, மொழி மந்திரம் எழுதுகிற எல்லாரும் அறிந்துகொள்ள வேண்டியது. தன் மகனைக் கொன்ற இந்திரனைப் பழிவாங்க துவஷ்டா வேள்வி செய்கிறான். 'இந்திரசத்ரு' வளர்க என்பது மந்திரம். 'இந்திரனைக் கொல்பவன்' என்று பொருள்பட ஒலியழுத்தம் கடைசி அசையில் விழ வேண்டும். முதல் அசையில் விழுந்தால் 'இந்திரனைத் தன்னைக் கொல்பவனாக உடையவன்' என்று ஆகிவிடும். அழுத்தம் இடம் மாறியது. பிறந்த விருத்திரன் இந்திரன் கையால் செத்தான். பதஞ்சலியின் சமஸ்கிருத இலக்கண உரையான மகாபாஷ்யம், இலக்கணம் ஏன் படிக்க வேண்டும் என்பதற்கே இதைக் காட்டுகிறது. எழுத்து ஒன்றுகூட மாறவில்லை பாருங்கள், தொகையின் வகைதான் மாறியது.

தமிழில் இதற்கு வல்லினம் மிகுவதும் மிகாததும் போதும். 'வேலை கொடு' என்றால் செய்ய வேலை கேட்கிறீர்கள். 'வேலைக் கொடு' என்றால் கையில் வேல் வரும். 'தந்த பலகை' யாரோ கொடுத்த பலகை, 'தந்தப்பலகை' யானைத் தந்தத்தால் ஆனது. ஒரு 'க்', ஒரு 'ப்', அரை மாத்திரை. இலக்கணத்தில் பொதுமொழி என்று ஒரு வகை உண்டு, அது இன்னும் நல்ல சுரங்கம். வேங்கை என்று ஒரே சொல்லாகச் சொன்னால் புலி அல்லது மரம். வேம் கை என்று பிரிந்தால் வேகின்ற கை. புலியை அழைக்க வந்தவன் நடுவில் மூச்சு வாங்கினால் என்ன ஆகும் என்பதை உங்களுக்கு விட்டுவிடுகிறேன்.

ஒரு எச்சரிக்கை. பிசகு நிகழும் காட்சியிலேயே இலக்கணத்தை விளக்காதீர்கள். நகைச்சுவையும் போகும், பயமும் போகும். ஐம்பது பக்கம் முன்னால் ஒரு சாதாரண உரையாடலில் அந்தச் சொல்லின் இரு பொருளையும் விதைத்துவிடுங்கள்.

அறிகுறி: எதிலும் எழுதி வைத்துவிடலாம் என்றால் பேசுவானேன்?

பேச்சு மந்திரமும் எழுத்து மந்திரமும் சம வலிமையோடு இருந்தால் எழுத்து பேச்சை விழுங்கிவிடும். எழுத்து களைப்படையாது, தூங்காது, படியெடுக்கலாம். அச்சு இயந்திரம் வந்த உலகம் என்றால் கதை அன்றோடு முடிந்தது.

முதலில் எழுத்து எப்போது வேலை செய்கிறது என்று கேளுங்கள். எழுதி முடித்த கணத்திலா, யாராவது படிக்கும்போதா, எழுத்து அழியாமல் இருக்கும்வரை தொடர்ந்தா? மூன்றும் மூன்று வேறு உலகங்கள். படிக்கும்போது மட்டும் என்றால், எழுத்தறியாதவரிடம் அந்த மந்திரம் செல்லாது; மந்திரவாதிகளின் கோட்டைக்குள் திருடப் போக எழுத்தறியாதவனே சரியான ஆள். அழியாமல் இருக்கும்வரை என்றால் பொருளின் ஆயுள்தான் மந்திரத்தின் ஆயுள். மணலில் எழுதியது, ஓலையில் எழுதியது, கல்லில் வெட்டியது என்று விலைப்பட்டியல் தானாக வந்துவிடும்.

அழிப்பதற்கும் விதி வேண்டும். கோலெம் என்ற களிமண் மனிதனைப் பற்றிய யூதக் கதையில், நெற்றியில் 'உண்மை' என்ற பொருளுள்ள மூன்றெழுத்து எபிரேயச் சொல் இருக்கும். முதலெழுத்தை அழித்தால் மிஞ்சுவது 'செத்தான்'. உயிர் போய்விடும். முழுச் சொல்லை அழிப்பதற்கும் ஓரெழுத்தை அழிப்பதற்கும் வேறுபாடு இருக்கும்போது வாசகரே விளையாடத் தொடங்குவார். காய்ச்சலுக்கு 'அப்ரகடப்ரா' என்று எழுதி, வரிக்கு ஓரெழுத்தாகக் குறைத்துக்கொண்டே வந்து முக்கோணமாக முடிக்கச் சொல்லும் உரோமானியக் குறிப்பும் இதே வழிதான். சொல் தேயத் தேய நோயும் தேய வேண்டும். பழைய எகிப்தியர் இன்னும் ஒருபடி மேலே போனார்கள். பிரமிடுகளின் உள்சுவர்களில் வெட்டிய மந்திரங்களில் சிங்கம், பாம்பு போன்ற சித்திர எழுத்துகள் வரும் இடங்களில் சிலவற்றை உடல் துண்டித்தே வெட்டியிருக்கிறார்கள். எழுத்து உயிர்பெற்று எழுந்து, அங்கே கிடத்தப்பட்ட அரசரைக் கடித்துவிடக் கூடாதே!

தவறாக எழுதினால் என்ன ஆகும் என்பதற்கு ஐஸ்லாந்தின் பழங்கதையான எகில் சாகாவில் ஒரு காட்சி இருக்கிறது. நோயில் கிடக்கும் ஒரு பெண்ணின் படுக்கையைத் துழாவி எகில் ஒரு திமிங்கில எலும்பை எடுக்கிறான். அவளைக் குணப்படுத்துவதாகச் சொல்லி ஒருவன் அதில் ரூன் என்ற பழைய எழுத்துகளை அரைகுறையாகச் செதுக்கியிருந்தான். எகில் அவற்றைச் சுரண்டி எடுத்துத் தீயிலிட்டு, புதிதாகச் செதுக்கித் தலையணைக்கடியில் வைத்ததும் அவள் தேறுகிறாள். பிழைத்திருத்தம் என்பதன் முழு வழிமுறையும் அதில் அடங்கியிருக்கிறது: கெட்டதைக் கண்டுபிடி, சுரண்டு, சுரண்டியதையும் மிச்சம் வைக்காதே, அப்புறம்தான் புதிது எழுது. உங்கள் கதையில் சுரண்டிய தூளுக்கு என்ன ஆகிறது?

படியெடுப்பதைக் கட்டுப்படுத்த ஒரு வழி, எழுத்துமுறையே முழுமையற்றதாக இருப்பது. ஓலையில் எழுதியவர்கள் புள்ளி வைக்கவில்லை. சொற்களுக்கு நடுவே இடமும் விடவில்லை. புள்ளி வைத்தால் குறில், வைக்காவிட்டால் நெடில் என்பதுதான் அன்றைக்கு எகரத்துக்கும் ஏகாரத்துக்கும் இருந்த வேறுபாடு. இப்போது நாம் எழுதும் ஏ, ஓ வடிவங்கள் வீரமாமுனிவர் காலத்தில் வந்தவை. ஆகவே பழைய ஓலையில் 'எரி' என்று தெரிவது எரியாகவும் இருக்கலாம், ஏரியாகவும் இருக்கலாம். எதிரிப் படையைக் கொளுத்த ஓலையைப் பிரித்தவன் முன்னால் தண்ணீர் ததும்பி நிற்கிறது. இப்படிப்பட்ட ஓலையை யார் வேண்டுமானாலும் திருடட்டும்; எப்படி வாசிப்பது என்பது ஆசிரியரின் வாயில் இருக்கிறது. பேச்சுக்கு இழந்த மதிப்பு திரும்பிவிட்டது.

இன்னொன்று, திரையில் எழுத்துகள் ஒளிரும் காட்சி எழுதுபவர்களுக்கு. 'கொ' என்று எழுதும்போது முதலில் கொம்பு, பிறகு க, பிறகு கால். ஒலிப்பதோ க் முன்னும் ஒ பின்னும். எழுதும் வரிசையில் பற்றுகிறதா, ஒலிக்கும் வரிசையில் பற்றுகிறதா என்று ஒரு நிமிடம் யோசித்துவிடுங்கள். தலைகீழாகச் சொன்னால் மந்திரம் முறியும் என்று விதி வைத்திருந்தாலும் இதே சிக்கல்: 'கலை'யை எழுத்துவாரியாகத் திருப்பினால் 'லைக', ஒலிவாரியாகத் திருப்பினால் 'ஐலக்'. சம்பந்தரின் மாலைமாற்று எழுத்துவாரியாகத் திரும்புவது. 'யாமாமாநீயாமாமா' என்று தொடங்கும் பாடலை முழுதாக எந்தப் பக்கமிருந்து படித்தாலும் ஒன்றே. திருப்பிச் சொல்லி முறிக்க முடியாத மந்திரம் வேண்டுமென்றால் இதுதான் வடிவம்.

அறிகுறி: வில்லனோ விளையாட்டுக்காரரோ எல்லா மந்திரத்திலும் ஓட்டை கண்டுபிடிக்கிறார்கள்

ஓட்டை இருப்பது கோளாறு இல்லை. மந்திரவாதி அதை எதிர்பார்க்காமல் இருப்பதுதான் கோளாறு. நூற்றாண்டுக் கணக்காக மந்திரம் சொல்லி வரும் சமூகம் வக்கீல்களைப் போலத்தான் பேசும். இங்கிலாந்தின் பாத் நகர வெந்நீர் ஊற்றில் உரோமானியர் காலத்துச் சாபத் தகடுகள் 130 அளவில் கிடைத்திருக்கின்றன. பொருளைத் திருடியவர் யாரென்று தெரியாததால், ஆணோ பெண்ணோ, அடிமையோ சுதந்திரரோ என்று ஒவ்வொரு வழியாக அடைத்து, சூலிஸ் மினெர்வா என்ற தெய்வத்திடம் முறையிட்டிருக்கிறார்கள். உங்கள் உலகத்து மந்திரங்களும் இந்த மாதிரி அலுப்பூட்டும் நீளத்தில் இருந்தால்தான் நம்பிக்கை வரும். (சுருக்கமாகச் சொல்பவன் ஒன்று மேதை, இல்லையென்றால் புதியவன் என்று வாசகருக்குத் தானே புரியும்.)

தமிழில் அடைக்க வேண்டிய இடங்கள் சில. 'எங்களைக் காப்பாற்று' என்றால் கேட்பவர் அதில் சேர்த்தியில்லை. 'நம்மைக் காப்பாற்று' என்றால் கேட்பவரும் சேர்த்தி. எதிரி காதில் விழும் தூரத்தில் இருந்தால் எது ஆபத்து என்று சொல்ல வேண்டியதில்லை. 'அவரைக் கட்டு' என்பதில் அவர் மரியாதை ஒருமையா, பழைய பன்மையா? ஏவலும் வியங்கோளும்கூட ஒன்றல்ல. 'எழு' என்பது முன்னிலையில் இருப்பதற்கு மட்டும், 'எழுக' என்பது மூவிடத்துக்கும் செல்லும். செவி வகையில் ஏவலையும், ஒலி வகையில் வியங்கோளையும் பயன்படுத்தினால் வகை வேறுபாடு வாசகர் காதிலேயே படிந்துவிடும்.

அறிகுறி: ஆயிரமாண்டுப் பழைய மந்திரம் அப்படியே பலிக்கிறது

ஒலி வகையில் சரி. பொருள் வகையில் இது நடக்காது, மொழி நகர்ந்துவிட்டது. நாற்றம் ஒருகாலத்தில் நறுமணம். கிழவன் என்றால் உரிமையுடையவன், தலைவன். 'நாடெங்கும் நாற்றம் பரவுக, இவன் கிழவன் ஆகுக' என்ற பழைய முடிசூட்டு மந்திரத்தை இன்று ஒருவர் நல்லெண்ணத்தோடு சொன்னால் என்ன ஆகும் என்பது சொல்பவரின் பொருள் செல்லுமா, இயற்றியவரின் பொருள் செல்லுமா என்பதைப் பொறுத்தது. ஒன்றை முடிவு செய்யுங்கள், இதற்கு மேல் இதில் பெரிதாக ஒன்றும் இல்லை.

அறிகுறி: மந்திர மொழி காதுக்குப் போலியாக இருக்கிறது

'ஹ்ரக்ஷ்த்ரா' மாதிரி மெய்களை அள்ளிப் போட்டு அடுக்கியிருப்பீர்கள். எந்த மொழியும் எல்லா ஒலியையும் எல்லா இடத்திலும் அனுமதிப்பதில்லை. தமிழ்ச் சொல் மரபுப்படி ட, ண, ர, ல, ழ, ள, ற, ன ஆகியவற்றில் தொடங்காது. இதுபோல நாலைந்து தடைகளை உங்கள் கற்பனை மொழிக்கும் வைத்து, கடைசிவரை மீறாமல் இருங்கள். எந்த ஒலி இருக்கிறது என்பதைவிட எந்த ஒலி ஒருபோதும் வராது என்பதுதான் மொழிக்கு முகம் தருகிறது. இரண்டு வேற்றுமை உருபு, ஒரு காலம் காட்டும் விகுதி, இருபது வேர்ச்சொல். ஒரு நாவலுக்கு இது தாராளம். அகராதி தயாரிக்க உட்காராதீர்கள், கதை எழுதாமல் தப்பிக்க அது ஒரு சாக்கு.

அறிகுறி: வாயைக் கட்டினால் மந்திரவாதி ஒன்றுமில்லை

சிறைப்பிடிக்கும் காட்சிக்கு இது வசதிதான், ஆனால் உங்கள் உலகத்தில் காது கேளாதவர்களே கிடையாதா? சைகை மொழிகள் சொந்த இலக்கணம் உள்ள முழு மொழிகள். 1960இலேயே வில்லியம் ஸ்டோக்கி என்ற மொழியியலாளர் அமெரிக்கச் சைகை மொழியின் கட்டமைப்பைச் சிறு சிறு கூறுகளாகப் பிரித்துக் காட்டிவிட்டார். பொருள் வகையில் சைகை மந்திரம் பலித்தே ஆக வேண்டும். செவி வகையில், கேட்கும் தெய்வத்துக்குக் கண் இருக்கிறதா என்பதே கேள்வி. ஒலி வகையில் பலிக்காது, அதற்கு மாறாகக் காது கேளாதவரின் தொண்டை எழுப்பும் ஒலியைக் கணக்கில் எடுத்துக்கொள்ளாத ஒரு காவலாளியை எழுதலாம். எப்படியானாலும் கைதியின் வாயைக் கட்டும் காட்சிகளை எல்லாம் திரும்பத் தேடி எடுத்து, கையையும் கட்டியிருக்கிறார்களா, விரலுக்கு எட்டும் தூரத்தில் புழுதி இருக்கிறதா என்று ஒவ்வொன்றாகப் பார்த்துவிடுங்கள்.